மூக்குப்பொடி விலை ஏறிய வாரம்

போத்வார் மீது எனக்குக் கோபமில்லை.
எதிர்வீட்டுக்காரர். பனி கொட்டினால்
எங்கள் வாசலையும் சேர்த்தே தள்ளிவிடுவார்.
ஆனாலும் அவர் புறங்கையில் பொடியைக் கொட்டி
உறிஞ்சும்போதெல்லாம்
என் குளியலறை
ஓர் ஓட்டுச்சில் அளவு
கையைவிட்டுப் போகிறது.

கிண்டல் இல்லை.
ஐஸ்லாந்தில் என் கடனை
விலைவாசியின் முதுகில் கட்டியிருக்கிறார்கள்.
பொடிக்கு வரி ஏறினால்,
பிரேசிலில் காப்பிச்செடி உறைபனியில் கருகினால்,
பெட்ரோல், வெண்ணெய், முடிவெட்டும் கூலி
எது ஏறினாலும்
அதோடு சேர்ந்து அசலும் ஏறும்.

வாங்கியது இரண்டு கோடி குரோனா.
பன்னிரண்டு வருடம்,
ஒரு தவணை தவறவில்லை.
கட்டியது ஒரு கோடியே அறுபத்தேழு லட்சம்.
பாக்கி
மூன்று கோடியே ஐந்து லட்சம்.

ஆக்ரனேஸ் மீன் ஆலையில் எடை போடுகிறவள் நான்.
கணக்கு உதைத்தால்
பனிக்கட்டியின் எடையைக் கழிக்க மறந்திருப்போம்,
அவ்வளவுதான் இருக்கும்.
மூன்று முறை கூட்டினேன்.
பனிக்கட்டி எங்கும் இல்லை.

வட்டி குட்டி போடும், தெரிந்ததுதான்.
இங்கே முதலே குட்டி போடுகிறது.
என் தம்பியும் ஆடு வளர்க்கிறான்.
அவன் மந்தையாவது செப்டம்பரில் மலையிறங்கியதும்
பாதியாகிவிடும்.

வங்கியில் யோருண்டூர் என்றொரு பையன்.
"மொத்தம் எவ்வளவு ஆகும்?"
"மாதத் தவணையா?"
"மொத்தம். நாற்பது வருடத்துக்கும்."
திரையை என் பக்கம் திருப்பினான்.
விலைவாசி இப்படியே போனால்
பன்னிரண்டு கோடியே அறுபத்தொன்பது லட்சம்.

"அன்றைக்குப் பணத்தின் மதிப்பு குறைந்திருக்கும்" என்றான்.
உண்மை.
"சம்பளமும் ஏறியிருக்கும்."
அதுவும் உண்மை.
அவன் சொன்ன எதிலும் பொய்யில்லை.
ஹ்ரோத்மாரின் முழங்காலை மட்டும்
எந்தக் குறியீட்டோடும் யாரும் கட்டவில்லை.

இன்னொரு கடன் இருக்கிறதாம்.
விலைவாசியோடு ஒட்டாதது. வட்டி ஏழு.
மாதம் ஐம்பத்து நான்காயிரம் கூடுதல்.
அப்படியென்றால் காரை விற்க வேண்டும்,
உனாவின் நீச்சல் முகாம் இல்லை,
சனிக்கிழமையும் நான் ஆலைக்குப் போக வேண்டும்.

ஹ்ரோத்மார் அப்போது கடலில்.
காற்றுக்குள்ளிருந்து அவன் குரல் வந்தது.
"அசல் இறங்குமா?"
"இறங்கும்."
"எவ்வளவு?"
"முதல் மாதம் இருபத்தொன்பதாயிரம்."
வலையிழுக்கும் எந்திரம் உறுமியது.
"பழைய இரண்டு கோடிக்கு எப்போது வருவோம்?"

அதையும் கேட்டு வைத்திருந்தேன்.
பதினாறு வருடம்.
கையெழுத்துப் போட்ட நாற்காலிக்குத்
திரும்பி வந்து உட்கார மட்டும்
பதினாறு வருடம்.
பதினொரு வயது உனாவுக்கு
அப்போது இருபத்தேழு.
அன்றைக்கு மேஜைக்கடியில் மறைத்துக்கொண்ட
என் கிழிந்த கையுறை
அங்கேயே காத்திருக்கும்போல.

"காரை வித்துரு" என்றான்.
இணைப்பு போய்விட்டது.
அவன் அழுதானா, சிரித்தானா,
அலைதானா,
தெரியவில்லை.

வெள்ளிக்கிழமை கையெழுத்துப் போட்டுவிட்டு
நடந்தே வந்தேன்.
கார்தான் இல்லையே.
போத்வார் மண்வாரியில் சாய்ந்து நின்றார்.
மறுபடியும் விலையேற்றிவிட்டார்கள் என்று
மந்திரிகளைத் திட்டினார்.

நன்றாக ஏற்றட்டும் என்றேன்.
முறைத்தார்.
கையை நீட்டினேன்.
பன்னிரண்டு வருடத்தில் முதல் முறையாக
ஒரு சிட்டிகை கேட்டு வாங்கி
இழுத்தேன்.

தெருவே திரும்பிப் பார்க்கும்படி
தும்மல் வந்தது.
அதற்கு யாருக்கும்
எதுவும் கட்ட வேண்டியதில்லை.