தொடர்ச்சிக் குறிப்பேடு

பழைய இசைநாடகத்தில் திருடர்கள் பாடுவார்கள்,
தூக்குக்கயிறு தலைக்கு மேல் ஆட
ஒன்பது பாட்டு, நடுவில் ஒரு வெண்பா.
தயாரிப்பாளர் சொல்லிவிட்டார்: ஒன்று போதும்,
அதையும் ஓடிக்கொண்டே பாடட்டும்.

மூக்கையூரில் கச்சான் எழும்பிய வாரம்.
மைக்குக்குக் குல்லாய் மாட்டியும்
வசனத்தில் பாதி காற்றுக்குத்தான்.

ஆள் வேண்டுமென்று கோயில் வாசலில் சொன்னோம்.
பதினோரு பேர் வந்தார்கள்.
திருடன் வேஷம் என்றதும் யாரும் சிரிக்கவில்லை,
சம்பளம் மட்டும் கேட்டார்கள்.

கதாநாயகன் மூட்டையை வள்ளத்தில் போட்டான், தொப்பென்று.
தார்சிஸ் உச்சுக்கொட்டினான்.
தொடையில் தாங்கி
அலை ஏறும்போது ஏற்றி, இறங்கும்போது விட்டு
தூங்கும் பிள்ளையைப் போல் கிடத்தினான்.
யார் சொல்லித் தந்தது என்றார் இயக்குநர்.
பதினோரு பேரும் கடலைப் பார்த்தார்கள்.

அனுமதிக் கடிதம் பார்க்க வந்த இன்ஸ்பெக்டர்
நாற்காலி கேட்டு உட்கார்ந்துவிட்டார்.
லஞ்சக் காட்சி. மூன்றாவது டேக்கில் பொறுக்காமல் எழுந்தார்:
"வலது கையால எவன்யா வாங்குவான்?
வலது கை சல்யூட்டுக்கு."
நாடகத்தில் இல்லாத வரி. எழுதிக்கொண்டேன்.
அன்றைக்கு எடுத்ததில் அதுதான் உருப்படி.

கலை இயக்குநரின் பெருமை, ரப்பர் கடல் அட்டை.
நாற்பது கிலோ. அவித்துக் காய்ந்த நிறம் பூசி
மணத்துக்குக் கருவாட்டுத் தண்ணீர் தெளித்தது.

காலையில் மூட்டைகள் இல்லை.
ஈரமணலில் வள்ளம் இழுத்த தடம்,
கோணாமல், நேரே தெற்கே.

பதினோரு பேரும் நேரத்துக்கு வந்தார்கள்,
முகம் கழுவி, வேஷத்தோடு.
இன்ஸ்பெக்டர் புகாரை வாங்கவில்லை:
ரப்பர், தடைசெய்த உயிரினங்களில் வராதாம்.
ராத்திரி அவர் எங்கிருந்தார் என்று நானும் கேட்கவில்லை.

இந்நேரம் அக்கரையில் ஒருவன்
கத்தியை வைத்து அழுத்தியிருப்பான்.
அது துள்ளித் திரும்பியிருக்கும்.
பாவம், அவனுக்கு ஒரு பாட்டு வேண்டும்.
வெட்டிய எட்டில் ஒன்றைக் கொடுக்கலாம்.

என் வேலை தொடர்ச்சி பார்ப்பது.
காட்சி முப்பத்தெட்டு: மூட்டை ஆறு, இருக்கிறது.
முப்பத்தொன்பது: அதே இரவு, அதே வள்ளம்,
இருந்தே ஆக வேண்டும்.
தேங்காய் மட்டையா, மணலா,
எதைத் திணிப்பது என்று தலையைச் சொறிந்து நிற்கையில்
தார்சிஸ் பக்கத்தில் வந்து குரலைத் தாழ்த்தினான்.

"அக்கா, அசலே வேணும்னா சொல்லுங்க.
வாடகைக்குத் தருவோம்."