லாட் 2217

மாவட்ட மன்ற வரைபடத்தில்
வீடு மஞ்சள், கடை நீலம்,
தொழிற்சாலை ஊதா, திடல் பச்சை.
முடிவாகாததெல்லாம் வெள்ளை.
பதினோரு வருடமாக
எல்லை தாண்டாமல் பூசிக்கொண்டிருக்கிறேன்.

சுங்கை மெராந்தி தோட்டத்தைத் துண்டுபோட்டுத்
தாமான் எழுப்பியபோது
செம்பனைக்கும் அடுக்குமாடிக்கும் நடுவில்
மீந்துபோனது லாட் 2217.
முக்கோணம்.
அரை ஏக்கருக்குக் கொஞ்சம் குறைவு.
அதைக் கேட்டு ஒரு விண்ணப்பம்:
கூரையோடு ஐம்பத்தெட்டு கார் நிறுத்துமிடம்.
"போய் அளந்துவிட்டு வா" என்றார் என்சிக் ருஸ்லான்.
"ஒரு மணி நேர வேலை."

பகல் மூன்றுக்குப் போனேன்.
லாலாங் புல், வெயில்.
ஓர் ஆடு மட்டும் ஆட்சேபம் தெரிவித்தது.
பாரத்தில்
'தற்போதைய பயன்பாடு' என்ற இடத்தில்
'இல்லை' என்று எழுதிக் கிளம்பிவிட்டேன்.

அளவுநாடாவை அங்கேயே விட்டிருந்தேன்.
ஐந்தரைக்குத் திரும்பி வந்தால்
அது இரண்டு சிலிப்பர்களுக்கு நடுவே
இழுத்துப் பிடிக்கப்பட்டிருக்கிறது.
கோல் அகலம்: மூன்று மீட்டர் பத்து.
எதிர்ப்பக்கமும் அதே மூன்று மீட்டர் பத்து,
என்னைவிடச் சுத்தமான அளவு.

"ஆண்ட்டி, பத்து நிமிஷம் வெச்சிக்கிறோம்"
என்றாள் லோஷினி. வயது ஒன்பது. நடுவர்.
விசில் இல்லை, தொண்டை இருக்கிறது.
ஒரு கோலில் ஹாசிக், மறு கோலில் ஜியா யீ,
நடுவே இருபது கால்கள்
யார் எந்தப் பக்கம் என்று
அவர்களுக்குத் தெரிந்தால் போதும்.

மழைத்தண்ணி நிற்கும் மூலைக்குப் பெயர் கடல்.
பந்து கடலில் விழுந்தால் எதிரணிக்கு.
செம்பனை ஓரம் முள்:
நான்காம் ஆண்டுக்குக் கீழே போகக்கூடாது.
மூன்றாம் மாடி, நீலத் திரைச்சீலை,
கையுறைத் தொழிற்சாலையின் இரவு ஷிப்ட் தூங்குகிறது.
பந்து அந்தப் பக்கம் போனால்
லோஷினியும் கத்துவதில்லை,
கையை மட்டும் ஆட்டுகிறாள்.

எங்கள் உள்ளூர்த் திட்டம் நானூறு பக்கம்.
தூங்குகிறவர்களைப் பற்றி
அதில் ஒரு வரி கிடையாது.

"பெரிய திடல் இருக்கே, அங்க போகலாமே?"
இருக்கிறது. நான் பூசிய பச்சை.
ஊஞ்சல், சறுக்கு, திறப்பு விழாக் கல்வெட்டு.
நடுவில் ஆறு வழிச் சாலை.
என் வரைபடத்தில் அது
அரை சென்டிமீட்டர் சாம்பல்.

"ரோட்டத் தாண்டணும்னா அப்பா வேணும்" என்றான் ஹாசிக்.
"அப்பா ஞாயித்துக்கிழமைதான் இருப்பாரு."

அந்தச் சறுக்கில்
மைனாக்கள் உட்கார்ந்திருப்பதைப் பார்த்து
'பொதுமக்களுக்கு ஆர்வமில்லை' என்று
போன வருடம் குறிப்பு எழுதியவள் நான்தான்.

எளிதாகக் கோபப்படலாம் என்று
விண்ணப்பத்தின் கடைசிப் பக்கத்தைப் புரட்டினேன்.
பெரிய கம்பெனி எதுவும் இல்லை.
நாற்பத்து மூன்று கையெழுத்து,
சாலையோரம் நிறுத்திச் சமன் வாங்கியவர்கள்,
கண்ணாடி உடைபட்டவர்கள்.
பதினேழாவது
லோஷினியின் அப்பா.

"ஆண்ட்டி" என்றாள் அவள்,
"உங்க மைவி கார்னர்ல நிக்குது."
நகர்த்தினேன்.
நகர்த்த வேறு இடமில்லாமல்
இரண்டு சுற்று சுற்றி
மஞ்சள் கோட்டில் போய் நிறுத்தினேன்.

'இல்லை'யை அடித்துவிட்டு எழுதினேன்:
மாலை ஐந்து முதல் பாங்கு சொல்லும் வரை பிள்ளைகள்.
அதன்பின் கார்கள் வரலாம்.
காலை ஏழுக்குள் கிளம்ப வேண்டும்.
கூரை வேண்டாம். கடல் இருக்கட்டும்.

என்சிக் ருஸ்லான் இரண்டு முறை படித்தார்.
"நேரத்துக்கு நம்மிடம் நிறம் இல்லையே" என்றார்.
கேலி செய்யவில்லை.
நிறப்பட்டியலை எடுத்து
உண்மையாகவே தேடினார்.

கூட்டம் வருகிற புதன்கிழமை.

நாடா நாற்பது நிமிஷம் கழித்துத்தான் கைக்கு வந்தது.
மூன்று மீட்டர் பத்தில்
சிவப்புப் பேனாவால் ஒரு கோடு.
இப்போது எந்த நிலத்தை அளந்தாலும்
அதைத் தாண்டித்தான் போக வேண்டியிருக்கிறது.