இரவில் மழை, பதினொரு மணிக்கு வெயில்

வெட்டிய புல் காய வேண்டுமென்று
பாதிரியார் வானத்தைக் கேட்பார்.
சபை முழுக்க ஆமென் என்னும்.
கடைசி இருக்கையில் நான் மட்டும்
உதட்டுக்குள் வேறு விண்ணப்பம்:
இரவெல்லாம் பெய்யட்டும் ஆண்டவரே,
விடியலில் நிற்கட்டும்,
பதினொரு மணிக்குச் சுள்ளென்று ஒரு வெயில்.

மழை மட்டும் போதாது.
ஆடுகளம் மேலே காயத் தொடங்கி
உள்ளே களியாய் இருக்கிற இரண்டு மணி நேரம்,
அதுதான் எங்கள் அறுவடை.

எனோக் கார்ட்லெட்ஜ், இடக்கைச் சுழல்.
டெர்பிஷயர் கல்குவாரியில்
வாரம் பதினெட்டு ஷில்லிங் வாங்கிய கை.
கவுண்டிக்குப் போனதும் ஆட்டத்துக்கு ஐந்து பவுன்,
ஜெயித்தால் ஆறு.
ரயில் டிக்கெட் அவர் காசு,
ஸ்டேஷன் பக்கத்து விடுதியில்
இரண்டு பேர் படுக்கும் கட்டிலில் பாதி, அதுவும் அவர் காசு.
பந்தைத் தேய்த்துத் தேய்த்துத் தொடையில் படிந்த சிவப்பை
எடுக்கிற சோப்பு என் காசு.

கனவான்கள் ஒரு வாசலில் இறங்குவார்கள்,
கூலிக்கு ஆடுகிறவர்கள் இன்னொன்றில்.
நடுக்களத்தில் சேர்ந்துகொள்வார்கள்,
ஏதோ வழியில் சந்தித்தவர்கள் மாதிரி.
ஸ்கோர் அட்டையில் அவர்களுக்கு
மிஸ்டர், இரண்டு மூன்று இனிஷியல்.
இவருக்குக் கார்ட்லெட்ஜ்.
நாயைக் கூப்பிடுகிற நீளம்.

ஜூலையில் ஆள்காட்டி விரல் உரிந்துவிடும்.
பன்றிக்கறி ஊறும் உப்புத்தண்ணீரில் அதை முக்கிக்கொண்டு
மற்ற கையால் பேப்பர் புரட்டுவார்.
தன் பெயர் இருக்கும் பக்கத்தைத் தவிர
எல்லாம் படிப்பார்.

அப்படி என்னதான் செய்கிறீர்கள் அந்தப் பந்தை
என்று ஒருமுறை கேட்டேன்.
மேசையிலிருந்து ஓர் உருளைக்கிழங்கைச் சுண்டிவிட்டார்.
நேரே போவதுபோல் போய், மனசு மாறி,
உப்பு ஜாடிக்குப் பின்னால் திரும்பிற்று.
"நான் ஒன்றும் செய்வதில்லை.
அவர்களைக் கொஞ்சம் முன்னால் வரச் சொல்கிறேன்.
மிச்சமெல்லாம் அவர்களே செய்துகொள்வது."

பதினேழு கோடை.
ஐந்து பிள்ளைகள், அதில் இரண்டு மண்ணில்.
அவர் ஆடி நான் பார்த்ததில்லை.

பதினெட்டாவதில் அவருக்கென்று ஒரு பெனிஃபிட் ஆட்டம் ஒதுக்கினார்கள்.
மூன்று நாள் வாசல் வசூல் அவருக்கே.
போலீஸ், கூடாரம், அம்பயர், அச்சுக்கூலி
அதுவும் அவருக்கே.
அட்டையின் தலையில் முதல் தடவையாக
எ. கார்ட்லெட்ஜ்.
அந்த ஓர் எழுத்தை ரொம்ப நேரம் பார்த்துக்கொண்டிருந்தார்.

நான் தொப்பிக்குப் புது நாடா தைத்தேன்.
வெயில் கேட்டு ஜெபித்தேன், வெயில் மட்டும்.
பழக்கமில்லாத ஜெபம், எங்கோ தடுமாறியிருக்க வேண்டும்.
பதினேழு வருஷம் கேட்டதன் பாக்கியையெல்லாம்
மொத்தமாய்க் கொண்டுவந்து கொட்டினார் ஆண்டவர்.

மூன்று நாள்.
கூடாரத் துணி கறவை மாட்டு மடிபோல் தொங்கியது.
எங்களைப் போன்ற மனைவிகளுக்கு இருக்கை கிடையாது,
ரோலர் நிறுத்தும் கொட்டகையில் நின்றேன்.
அவர் கோட்டுக் காலரைத் தூக்கிவிட்டு
நடுக்களம்வரை நடந்து போய்
கட்டைவிரலால் தரையை அழுத்திப் பார்த்துவிட்டு வந்தார்.
"அருமையான களம்," என்றார்.
"ஒரு மணி நேரம் வெயில் வந்தால்
யாராயிருந்தாலும் எழுபதுக்குச் சுருட்டிடலாம்."
நான் வாசலில் கவிழ்த்து வைத்த சில்லறைப் பெட்டியைப் பார்த்தேன்.
அவருக்கு, இப்படியொரு களம் வீணாகிறதே என்று.

செலவெல்லாம் கழித்துப் பதினோரு பவுன் கடன்.

அடுத்த வாரம் லெஸ்டரில்
இரவில் மழை, பதினொரு மணிக்கு வெயில்.
முப்பத்தொரு ஓட்டத்துக்கு ஏழு விக்கெட்.
சத்தியமாய் நான் கேட்கவே இல்லை.
கேப்டன் ஒரு சவரன் சேர்த்துத் தந்தாராம்.

விற்காத அட்டைகள் எண்ணூறு வீட்டுக்கு வந்தன.
இரண்டு குளிர்காலம் அவற்றில்தான் அடுப்பு மூட்டினேன்.
நல்ல கெட்டித் தாள்.
அந்த 'எ' இருக்கிற முனையில் குச்சியை வைத்தால்
சீக்கிரம் பிடித்துக்கொள்ளும்.