ஈரப்பதம் பதினேழு

பாமணி ஆற்றுப் பாலம் தாண்டி
உரக்கடை மாடியில் எங்கள் அலுவலகம்.
யூரியா வாசம் படியேறி வரும்.
நாங்கள் நெல்லைப் பார்ப்பதில்லை.
கொள்முதல் நிலையத்தில் நெல்லை எடைபோடும்
மென்பொருளைப் பார்க்கிறோம்,
அதையும் நேராக அல்ல,
அதைச் சோதிக்கிற நிரல்களை.

எல்லாச் சோதனைக்கும் அடியில் ஒரு கோப்பு.
பெயர், 'பொது'.
சேர்ந்த அன்று நூலகம் என்று காட்டினார்கள்.
உறுப்பினர் அட்டை இல்லை, தாமதக் கட்டணம் இல்லை.
உள்நுழைவது எப்படி என்று அதற்குத் தெரியும்.
தராசு தயாராகும்வரை
மூன்று நொடி காத்திருக்கத் தெரியும்.
ஏன் மூன்று?
"குறைக்காதீர்கள். குறைத்துப் பார்த்துவிட்டேன். - வைரக்கண்ணு"
என்று மேலே ஒரு வரி இருக்கிறது.
வைரக்கண்ணு இப்போது ஓசூரில்.
போனை எடுப்பதில்லை.

அப்புறம் குஞ்சம்மாள்.
இல்லாத ஊரில் இல்லாத பட்டாவில்
ஒன்றே முக்கால் ஏக்கர்.
அவசரத்துக்கு யாரோ வைத்த பெயர்.
இரவு பதினொரு மணிக்கு
அறுநூற்றுப் பன்னிரண்டு சோதனைகளிலும்
அவள்தான் டோக்கன் எடுக்கிறாள்,
நாற்பது கிலோ சிப்பம் இறக்குகிறாள்,
சிலதில் கைரேகை விழாமல் நிற்கிறாள்.
முடிந்ததும் அழித்துவிடுவோம்,
நிலத்தோடு சேர்த்து.

தை பத்தொன்பது.
அறுப்பு நடுவில் மழை.
வடுவூர் சாலையில் பாதி தார், பாதி நெல்,
மேலே நீலத் தார்ப்பாய்.
மாலை ஆறேகாலுக்குப் போன் வந்தது:
பதினேழு சதவீதத்தை இருபத்தொன்றாகத் தளர்த்தியாச்சு,
விடிந்தால் எல்லா நிலையத்திலும் ஓட வேண்டும்.
தஞ்சாவூர்க்காரர்கள் மென்பொருளை மாற்றிவிட்டார்கள்,
பாக்கி எங்கள் பக்கம்.
"விடிந்தாலா?" என்றாள் ஜெசிந்தா,
வாய் நிறைய போண்டாவோடு.

பொதுவைத் திறந்தேன்.
ஈர எல்லை, பதினேழு.
ஒரே ஓர் இடம்.
இரண்டு எழுத்தை அழித்து இரண்டு எழுத்து.
மேட்டூரில் திறந்த தண்ணீர்
கடைமடைக்கு வர நாள்கணக்காகும்;
இது நாலு நிமிஷத்தில் போய்ச் சேர்ந்தது.
அறுநூற்றுப் பதினொன்று பச்சை.

ஒன்று சிவப்பு.

முந்நூற்று நாற்பதாவது சோதனை.
பதினெட்டு சதவீத ஈரத்தோடு வந்த குஞ்சம்மாள்
திரும்பிப் போயிருக்க வேண்டும்,
போகவில்லை,
நெல்லை வாங்கிக்கொண்டார்கள்
என்பதுதான் அதன் புகார்.

உள்ளே போய்ப் பார்த்தால்
பொதுவை அது கூப்பிடவே இல்லை.
எல்லாவற்றையும் நகலெடுத்து
பதினேழைக் கையாலேயே எழுதி வைத்திருக்கிறது.
வாய்க்கால் ஓரத்திலேயே
தனக்கு மட்டும் ஒரு போர் போட்டுக்கொண்ட மாதிரி.
"யாருடி அந்தப் புண்ணியவதி?"
வரலாற்றைச் சொடுக்கினேன்.
இரண்டு வருஷத்துக்கு முன், ஓர் ஆவணி,
வேலைக்குச் சேர்ந்த மூன்றாம் நாள்.
என் பெயர்.

பொதுவில் கை வைத்தால்
எல்லாருடையதும் உடையும் என்றார்கள் அன்றைக்கு.
பயந்துபோய் வைக்கவில்லை.
ஜெசிந்தா ஒன்றும் சொல்லவில்லை,
கடைசி போண்டாவை மட்டும் எடுத்துக்கொண்டாள்.

என் எண்பத்தாறு வரிகளை அழித்தேன்.
அந்த இடத்தில் ஒரே வரி, பொதுவைக் கூப்பிட.
மறுபடி ஓட்டினேன்.
இன்வெர்ட்டர் கத்த ஆரம்பித்தது.
தராசுக்காக அந்த மூன்று நொடி.
தகரத்தில் மழை கேட்டது.

இப்போது குஞ்சம்மாள்
இருபத்திரண்டு சதவீதத்தோடு வருகிறாள்.
பொதுவில் அப்படித்தான் எழுதியிருக்கிறது,
எல்லை எதுவோ அதோடு ஒன்று கூட்டு.
நாளைக்கு முப்பதாகத் தளர்த்தினால்
முப்பத்தொன்றோடு வந்து நிற்பாள்.
எவ்வளவு தளர்த்தினாலும்
ஒருத்தி ஒரு சதவீதம் கூடுதல் ஈரத்தோடு வந்து
திரும்பிப் போனால்தான்
எனக்குப் பச்சை.

போனாள்.

பத்து மணிக்குக் கதவைப் பூட்டினோம்.
உரக்கடை வாசலில் ஒரு டிராக்டர்,
மூட்டைமேல் தார்ப்பாய்,
தார்ப்பாய்மேல் படுத்து, கைகால் விரித்து,
காற்றுக்கு அது பறக்காமல்
யாரோ ஒருவர்.