நாற்பத்தொன்பதாம் நாள்

என் நாவலில் இன்னும் ஒருவரும் சாகவில்லை.
எந்தத் திகதியில் சாவது என்று
முடிவாகவில்லை.

கொக்குவிலில் ரியூசன் கொட்டிலின் பின்பக்கம்,
பெடியள் போனபின், வெண்கட்டித் தூசுக்குள் இருந்து
ஓர் உலகத்துக்கு நாட்காட்டி செய்கிறேன்.
முதல் கிழமையே ஒரு நிலாவை அழித்துவிட்டேன்.
இரண்டு நிலாவும் ஒன்றையொன்று பிடிக்க
எழுபத்தொரு வருசம் எடுத்தது;
அதுவரை அங்கே ஒருவரும் விரதம் முடிக்கேலாது.

பிறகுதான் அந்த அரைமணி ஞாபகம் வந்தது.

தொண்ணூற்றாறில் மணிக்கூட்டை முன்னுக்குத் தள்ளினார்கள்.
பள்ளிக்கூட மணி புது நேரத்துக்குப் போனது,
கோயில் மணி பழைய நேரத்திலேயே நின்றது.
கலியாணவீட்டுக்கு முந்தி வந்தவனும்
பிந்தி வந்தவனும்
ஒரே ஆளாய் இருந்த காலம்.
பத்து வருசம், இரண்டு மணிக்கும் நடுவில்
ஓர் அரைமணி சும்மா கிடந்தது.
ஒருவரும் எடுக்கவில்லை.

என் உலகத்தவர்கள் எடுக்கிறார்கள்.
ஒரு நாளுக்கு அரைமணி, உண்டியலில் போடுவதுபோல.
நாற்பத்தெட்டு நாளில் முழுநாள் ஒன்று கைக்கு வரும்,
திகதியில்லாமல்.
நாற்பத்தெட்டும் ஒன்றும் ஏழேழு.
அப்படி ஏழு மாதம்.
முந்நூற்று நாற்பத்துமூன்று,
மீதி பூச்சியம்.
அன்றிரவு நான் கரும்பலகையைக் கும்பிட்டேன்.

மாதங்களுக்குப் பெயர் வைக்க எமில்டா வந்தாள்,
குருநகரிலிருந்து, ஸ்கூட்டியில், வரைபடச் சுருளோடு.
சோளகம், கச்சான், கொண்டல், வாடை.
நாலு காற்று நாலு மாதம். மிச்சம் மூன்று?
"காத்து விழுந்த மாசம் ஒண்டு வேணும்.
கடல் எண்ணெய் மாதிரிக் கிடக்கும்,
சனம் சும்மா சும்மா சண்டை பிடிக்கும்."
எழுதினேன்: விழுகாற்று.
ஆறாவது உப்பு.
ஏழாவதற்குப் பெயர் வரவில்லை,
அந்த இடத்தில் ஒரு நண்டு கீறினாள்.

பகலில் அவளுக்கு நுண்கடன் கம்பனியில் வேலை.
செவ்வாய்க்கிழமைகளில் அவளுடைய ஸ்கூட்டிச் சத்தம் கேட்டு
நாவாந்துறையில் பின்படலைகள் திறக்கும்.
தூரிகையைக் கழுவிக்கொண்டே கேட்டாள்:
"அந்தத் திகதியில்லாத நாளில
வட்டி ஓடுமோ?"

நான் அதை யோசித்திருக்கவேயில்லை.

ஓடாது, என்று எழுதினேன்.
அந்த ஒற்றைச் சொல்லில் கதை கிளம்பிவிட்டது.
வட்டிக்காரர் சபை விடியமுன் கூடியது;
நாற்பத்தொன்பதாம் நாளுக்கும் இலக்கம் வேண்டுமாம்.
இலக்கமில்லாத நாளில் பிறந்தவர்களைப்
பதிவேட்டில் இருந்து வெட்டத் தொடங்கினார்கள்.
உப்பு மாதத்தில் எப்படியும் ஒரு கொலை விழும்.

நேற்று சாருகன் வகுப்பு முடிந்தும் போகவில்லை.
உயர்தரம் இரண்டாந்தரம் எடுக்கிறவன், கடைசி வாங்கு.
"சேர், நான் பிறந்தது ரெண்டாயிரத்தி ஆறு,
சித்திரை வருசத்துக்கு அடுத்த இரவு, பன்னிரண்டு பத்து.
அண்டைக்குத்தான் நேரத்தைத் திருப்பி இழுத்தவை.
பன்னிரண்டரைக்குப் பிறகு
திரும்பவும் பன்னிரண்டு.
எந்தப் பன்னிரண்டு பத்து எண்டு
அம்மாவுக்குத் தெரியாது."

சாத்திரி இரண்டு சாதகம் எழுதி
இரண்டுக்கும் காசு வாங்கினாராம்.
ஒன்றில் கனடா. மற்றதில் தண்ணீரில் கண்டம்.

"உங்கட உலகத்தில எனக்கு என்ன வயசு?"
பெருக்கினேன், பிரித்தேன்.
இருபதும் கொஞ்சமும்.
அந்தக் கொஞ்சத்துக்குள்
ஓர் அரைமணி இருக்கிறதா இல்லையா என்பதை
என்னால் சொல்ல முடியவில்லை;
கணக்கு வாத்தி நான்.

அவன் சுவரில் இருந்த படத்தை வெகுநேரம் பார்த்தான்.
பிறகு பேனையை எடுத்து
நண்டுக்குக் கீழே, கேட்காமலே, எழுதினான்:
இரண்டாந்தரம்.

நல்ல பெயர்தான்.
ஆனால் நண்டை அழிக்கவிட மாட்டேன் என்று
எமில்டா குரல்பதிவு அனுப்பியிருக்கிறாள்,
பின்னால் யாரோ படலையைச் சாத்தும் சத்தத்தோடு.