மூலைக் கணக்கு

வெளியே மைனஸ் பத்தொன்பது.
உள்ளே, பள்ளியின் கூடைப்பந்து அரங்கில்,
ஆளுக்கொரு மூலை என்று அறிவித்தார்கள்.
மூலைகள் நான்கு, வேட்பாளர்கள் ஆறு.
எங்களுக்கு வாய்த்தது
துடைப்ப அறையின் வாசல்.

அயோவாவில் இந்த இரவுக்கு மறைவுத் திரை கிடையாது.
அதிபராக யார் வேண்டும் என்பதைக் காலால் சொல்ல வேண்டும்,
பல் பிடுங்கியவர், வங்கி மேலாளர்,
முன்னாள் கணவரின் இந்நாள் மனைவி
அத்தனை பேரும் பார்க்க
நடந்துபோய் நின்று.

நூற்றுப் பதினெட்டுத் தலைகள்.
பதினெட்டுக்குக் குறைந்த கூட்டம் கலைந்துவிட வேண்டும்.
நாங்கள் பதினோரு பேர்.
ஒரு கைக்குழந்தையும். அது கணக்கில் வராது.

வென்டல் ஸ்ட்ராண்ட் ஆகஸ்டில் என் சமையலறைக்கு வந்தார்.
வெண்ணெய் வழிய இரண்டு சோளக்கதிர் கடித்தார்,
பல்லிடுக்குக்கு நூல் கேட்டார்.
ஒரு மனிதர் வாயைப் பிளந்து பல்லுக்கு நூல் விடுவதைப்
பார்த்த பிறகு
அவரை வெறுப்பது கஷ்டம்.

'இரவில் உங்களைத் தூங்கவிடாதது எது, மார்லிஸ்?'
சொன்னேன்: என் மகன் கோல்பி,
ஒரு மாத இன்சுலினை இரண்டு மாதத்துக்கு
இழுத்துப் பிடித்த கதையை.
மருந்தின் விலையைச் சொன்னேன், சென்ட் வரைக்கும்.
அவர் தலையசைத்தார்.
உதவியாளர் குறித்துக்கொண்டார்.

செப்டம்பரில் டிமொயின் மேடையில் என் பெயர் ஒலித்தது.
பெருமையாகத்தான் இருந்தது.
அக்டோபரில், டாவன்போர்ட்டில், என் மகன் மயங்கி விழுந்தான்.
நவம்பரில், நியூ ஹாம்ப்ஷையரில்,
அவனை ஏற்றிய ஆம்புலன்ஸ் பனியில் சிக்கியது.
டிசம்பரில் தெற்கு கரோலினா. பெரிய கூட்டம்.
அங்கே செத்துப்போனான்.

சோபாவில் என் பக்கத்தில் உட்கார்ந்து
சோளப்பொரி தின்றபடி கோல்பியும் பார்த்தான்.
'பரவாயில்லம்மா, நல்லாத்தான் அழ வைக்கிறார்'
என்று ஒலியைக் கூட்டினான்.

பிறகு ஏன் நிற்கிறாய் என்று கேட்கலாம்.
ஊருக்கு ஊர் எல்லாம் மாறியது,
விலை மட்டும் மாறவில்லை.
அந்த எண்ணை அவர் ஒரு மேடையிலும்
ஒரு சென்ட் கூட்டவில்லை, குறைக்கவில்லை.
மற்ற ஐந்து பேருக்கும் அந்த எண்ணே தெரியாது.

இடம் மாற அரைமணி நேரம்.
எதிர் மூலையிலிருந்து லவோன் ஹ்யூசிங்கா வந்தாள்,
புது வீடுகள் பக்கம் குடிவந்தவள், என்னை அறியாதவள்.
என் சட்டையில் குத்தியிருந்த பெயரைப் படித்தாள்.
இரண்டு கையாலும் என் கையைப் பற்றினாள்.
'நீங்கள்தானா அந்த மார்லிஸ்?
உங்கள் பையனுக்காக நான் எத்தனை நாள் ஜெபித்தேன்.'

வாயைத் திறந்தேன்.
என் மேல் அவள் கண்ணீர் சூடாக விழுந்தது.
வாயை மூடிக்கொண்டேன்.

பன்னிரண்டு.
அவள் கணவன், மாமியார். பதினான்கு.
அவள் போய்ச் சொல்லித் தேவாலயக் கும்பலில் மூன்று பேர்.
பதினேழு.

கடிகாரத்தில் இரண்டு நிமிடம் மிச்சம்.
கதவு திறந்தது, குளிர் தரையோடு வந்தது.
அதன் பின்னால் அவன்:
ஆரஞ்சு அங்கி, புருவத்தில் உறைபனி,
பூட்ஸில் சாலை உப்பு.
சாயங்காலம் நான்கு மணியிலிருந்து பனித்தள்ளி ஓட்டி
இத்தனை பேரும் வந்துசேரப் பாதை போட்டவன்.

'ஏழு மணிக்குக் கதவு மூடியாச்சு, தம்பி' என்றார் தலைவர்.
'உள்ளே நிற்கலாம். கணக்கில் வரமாட்டாய்.'

கோல்பி எங்கள் மூலையைத் தேடிப் பார்த்தான்.
எண்ணினான். உதடு அசைந்தது தெரிந்தது.
நேராக என்னை நோக்கி நடந்து வந்தான்.

லவோன் என் தோளைத் தொட்டாள்.
'யார் இந்தப் பையன்? உங்களையே பார்க்கிறான்.'

'ரோட்டில் பனி தள்ளுகிறவன்' என்றேன்.
பொய் இல்லை.

அவன் பாதியில் நின்றான்.
குல்லாயைக் கழற்றி
'வணக்கம், மேடம்' என்றான்.