உள்ளூர் விடுமுறை

களியக்காவிளையில் பதிவாபீஸ் இன்று பூட்டு.
எதிர்க்கடையில் என் மேஜை மட்டும் திறந்திருக்கிறது.
பழைய பத்திரங்களுக்கு விடுமுறை என்று
எந்த ஆணையிலும் நான் வாசித்ததில்லை.

மார்த்தாண்டம் ரப்பர் வியாபாரி கொடுத்த காலண்டரில்
நவம்பர் ஒன்று, சகல புனிதர்கள்.
அடியில் எறும்பெழுத்தில் இரண்டு வரி:
1755, லிஸ்பனில் பூகம்பம்.
1956, குமரி மாவட்டம் தமிழ்நாட்டோடு இணைந்தது.
அன்றைக்குச் சென்னை ராஜ்யம் என்றுதான் பெயர்.
பத்திரம் எழுதிப் பிழைக்கிறவள் நான்,
இதையெல்லாம் கண்டும் காணாமல் விட முடியாது.

சோதனைச்சாவடிக்கு அந்தப் பக்கம்
பள்ளிக்கூடப் பிள்ளைகள் கசவு உடுத்திப் பாடிக்கொண்டிருப்பார்கள்.
அவர்களுக்கு இது பிறந்தநாள்.
நமக்கு, வீட்டை அசைக்காமலே வீடு மாறிய நாள்.

கையில் ஒரு தாய்ப்பத்திரம்.
மலையாள எழுத்து, கொல்லம் 1132, துலாம் மாதம்.
செல்லக்கண் விற்கிறார், ஞானாபரணம் வாங்குகிறார்,
பதினாறு சென்ட், பிலா இரண்டு, அயனி ஒன்று.
மேற்கெல்லை: வேலாயுதனின் வயல்வரப்பு.
பஞ்சாங்கம் வைத்துக் கணக்குப் போட்டேன்,
அதே நாள்.
மை காய்வதற்குள்
வேலாயுதனின் நெல் இன்னொரு ராஜ்யத்தில் நிற்கிறது.
தண்ணீர் ஷரத்து மட்டும் அடித்தல் திருத்தல் இல்லாமல்:
வெள்ளிக்கிழமை தோறும் ஞானாபரணத்துக்கு மடை திறக்க வேண்டியது.

லிஸ்பனை நான் கண்டதில்லை.
பூசை நேரமாம். எல்லாப் பீடத்திலும் மெழுகுதிரி.
நிலம் குலுங்கித் திரிகள் சாய்ந்து ஊர் பற்றியது.
தீக்குப் பயந்தவர்கள் கரைக்கு ஓடினார்கள்.
அங்கே கடல் உள்வாங்கிக் கிடந்தது,
மூழ்கின கப்பல்களின் விலாவெலும்பு தெரிய.
பாகப்பத்திரத்துக்கு வந்த குளச்சல்காரி ஒருத்தியிடம்
இதுவரைதான் சொல்லியிருப்பேன்.
"போதும்," என்றாள், "மிச்சம் எனக்குத் தெரியும்."

எறும்பெழுத்தில் ஏறாத ஒன்று உண்டு.

எட்டு வருஷம் முன்பு, குழித்துறைக் கோர்ட்டு.
எனக்கும் சோபிதராஜுக்கும் பரஸ்பர சம்மதம்,
வாய்தா நவம்பர் ஒன்று.
நானேதான் வட்டம் போட்டு வைத்திருந்தேன்.
படியேறிப் போனபோது கதவில் பூட்டு.
ஊருக்கெல்லாம் பத்திரம் எழுதுகிறேன்,
மாவட்டம் சேர்ந்த நாளில்
பிரியப் போய் நிற்கிறேன்.
வக்கீலுக்கும் தோன்றவில்லை.
அவரும் வந்திருந்தார், இஸ்திரி போட்ட சட்டையில்,
காலர் மடிப்பை யாரும் எடுத்துவிடாமல்.

ஒரு நாள் பாக்கி விழுந்துவிட்டது எங்களுக்கு.
சும்மா வைத்திருக்கத் தெரியவில்லை.
பாறசாலைக்கு பஸ் ஏறினோம், ஏன் என்று கேட்காதீர்கள்.
கடையில் பழம்பொரி சூடாக இருந்தது.
அவர் நோட்டு நீட்டினார், சில்லறை நான் கொடுத்தேன்,
பதினோரு வருஷப் பழக்கம்.
பிரஷர் குக்கருக்கு வாஷர் மாற்றிவிட்டாயா என்றார்.
மாற்றவில்லை.
"நாளைக்கு எத்தன மணிக்கு?"
"பத்தரை."
"செரி."

திரும்பி வரும்போது சாவடியில்
போலீஸ்காரர் பஸ்ஸுக்குள் ஏறினார்.
பைகளைத் தட்டித் தட்டிப் பார்த்து
எங்கள் சீட்டருகே நின்றார்:
"ரெண்டுபேரும் சேந்தா வாறிய?"
ஆமாம் என்றோம்,
ஒரே மூச்சில்.

தீர்ப்பில் தேதி இரண்டுதான்.
கல்லறைத் திருநாள்.
அந்தத் தாளின் அடியில்
ரப்பர் வியாபாரி என்ன அச்சடித்திருக்கிறாரோ,
நாளை காலையில் இதைக் கிழித்தால் தெரியும்.
ஞானாபரணத்தின் பேரனுக்கு
நகல் மூன்று கேட்டிருக்கிறார்கள்.
இன்னும் ஒன்றுதான் முடிந்திருக்கிறது.